வருவதற்கும் போவதற்கும் ஒரே பொத்தான்

வாகீசனுக்கு அந்தப் பெயரை வைத்தவர் எவரோ, பிள்ளை வாக்குக்கு அதிபதியாக வருவான் என்று நம்பித்தான் வைத்திருக்க வேண்டும். பிள்ளை வந்து சேர்ந்தது கொழும்பு பஸ் புக்கிங் மேசைக்கு. யாழ்ப்பாணம் பஸ் நிலையத்துக்குப் பின்பக்கம், பழச்சாற்றுக் கடைக்கும் எப்போதும் பூட்டியிருக்கும் இன்னொரு கடைக்கும் நடுவில், ஒரு மேசை, ஒரு காற்றாடி, சீற்றுகளைக் கோடு போட்டுக் காட்டும் ஒரு மட்டை. ஐம்பத்து நாலு வயதில் அந்த மேசைக்குப் பின்னால் இருந்து அவர் பேசுகிற வசனங்கள் மொத்தம் மூன்று. "யன்னல் சீற் முடிஞ்சுது." "பின்சில்லுக்கு மேலை ஒண்டு கிடக்கு." "ஓம், போட்டு வாங்கோ."

மூன்றாவது வசனத்துக்குத்தான் வேலை அதிகம். பின்னேரத்தில் பஸ்கள் புறப்படத் தொடங்கினால், பெட்டியை இழுத்துக்கொண்டு படியில் கால் வைக்கிற ஒவ்வொருவரும் திரும்பிப் பார்த்து, "வாறன் அண்ணை" என்பார்கள். போகிற ஆள் 'போறன்' என்று சொன்னால் கேட்பவருக்கு நெஞ்சு திடுக்கிடும் ஊர் இது. ஆகவே போகிற எல்லாரும் வருகிறார்கள். கட்டுநாயக்காவில் விமானம் ஏறி, பிறகு ஒரு கார்த்திகைக்கும் திரும்பிப் பாராதவர்களும் இந்த மேசைக்கு முன்னால் நின்று "வாறன்" சொல்லிப்போட்டுத்தான் போனவர்கள். சொன்ன எல்லாரும் உண்மையிலேயே வந்திருந்தால் குடாநாட்டில் நிற்க இடமிராது என்று வாகீசன் தனக்குள் பகிடி விடுவார். பகிடி நல்லதுதான். சிரிக்கத்தான் பக்கத்தில் ஆளில்லை.

கடைசி பஸ்ஸை அனுப்பிவிட்டு மோட்டார் சைக்கிளில் இணுவிலுக்கு வருவார். ஆறு பேருக்கென்று கட்டிய வீட்டில் ஒரு விளக்குப் போதும். ஒரு பாண் துண்டு, ஒரு சம்பல், ஒரு கோப்பை தேத்தண்ணி. கோப்பையைக் கழுவிக் கவிழ்த்ததும் பழைய போனை எடுத்து விறாந்தைக் கதிரையில் இருப்பார். அந்த நேரத்துக்காகத்தான் மிச்ச நாள் முழுவதும் நடந்தது.

முந்நூற்றி நாலு என்கிற கடதாசி விளையாட்டுத் தெரியாதவர்கள் யாழ்ப்பாணத்தில் குறைவு. தெரியாதவர்களுக்குச் சொன்னால், நாலு பேர் வட்டமாக இருக்க வேண்டும். உமக்கு எதிரே இருப்பவர் உம்முடைய பாட்னர். முதல் நாலு தாளைப் பார்த்ததும், இவ்வளவு புள்ளி எடுப்பேன் என்று கேட்க வேண்டும். கூடக் கேட்டவர் துரும்பைக் கவிழ்த்து வைப்பார். பிறகு மிச்சத் தாள். ஜாக்தான் எல்லாவற்றிலும் பெரிய தாள், அடுத்தது ஒன்பது. கேட்கிற துணிவு உமக்கு இல்லையென்றால் "பாட்னர்" என்று ஒரு சொல் சொல்லலாம். எதிரே இருப்பவர் உமக்காகக் கேட்பார், வென்றாலும் தோற்றாலும் இரண்டு பேருக்கும். அந்தச் சொல்லைத் தவிர பாட்னர்மார் தங்களுக்குள் எதுவும் கதைக்கக்கூடாது. இருமினால் கள்ளம். காதைச் சொறிந்தால் சண்டை.

வாகீசனுடன் இருந்து விளையாடிய மூன்று பேரில் ஒருவர் இல்லை, ஒருவர் இலண்டனில், மற்றவர் கந்தசாமி கோயிலில் தொண்டு செய்யத் தொடங்கியபின் கடதாசியைத் தொடுவதில்லை. அந்தக் காலத்தில்தான் 'நாலுகை' என்ற செயலி அவர் போனுக்குள் வந்தது. எங்கேயோ இருக்கிற எங்கடை ஆள் ஒருவர் ஆசைக்குச் செய்து, ஆசை தீர்ந்ததும் விட்டுவிட்ட சாமான். முந்நூற்றி நாலின் சட்டம் தெரிந்த மனிதர் என்பதால் கதைக்க இடமே வைக்கவில்லை. நாலு பொத்தான்கள் மட்டும்: கேக்கிறன், பாட்னர், நல்ல கை, வாறன். மேசைக்கு வந்து இருக்கும்போது 'வாறன்' அமத்த வேண்டும். எழுந்து போகும்போதும் அதே 'வாறன்'தான். வருவதற்கும் போவதற்கும் ஒரே பொத்தான். செய்தவர் ஊரை மறக்காத ஆள்.

முதலில் சனம் நிறைய வந்தது. பிறகு குறைந்தது. கடைசியில் இரண்டு பேர்தான் மிச்சம். ஒருவருடைய பெயர் 'இணுவில்', அது வாகீசன். மற்றவருடைய பெயர் 'நெல்லியடி', அதுவும் குடாநாட்டில் ஒரு ஊர். எதிராளிகள் இருவரும் கொம்பியூட்டர்கள். மனிசர் வராத கதிரையில் அவைதான் வந்து இருக்கும்.

நெல்லியடி யார், ஆணா பெண்ணா, என்ன வயது, ஒன்றும் தெரியாது. கை மட்டும் தெரியும். இஸ்கோப்பு ஜாக் ஒன்று கிடைத்துவிட்டால் நெல்லியடிக்குக் கண் தெரியாது, கேட்டுக்கொண்டே ஏறும். ஒருநாளும் 'பாட்னர்' சொன்னதில்லை. வாகீசன் நேர்மாறு. இரண்டு ஜாக் கையில் இருந்தாலும் விரல் போய் 'பாட்னர்' பொத்தானில்தான் நிற்கும். அது அவருடைய சீவிய வழக்கம். கலியாணப் பேச்சு வந்தபோது தங்கச்சியின் அலுவல் முடியட்டும், அவள் சொல்லட்டும் என்றார். வெளிநாடு போகிற பேச்சு வந்தபோது அண்ணை சொல்லட்டும் என்றார். அவர்கள் தங்கள் தங்களுக்குச் சொல்லிக்கொண்டு போய்விட்டார்கள். அவருக்காகக் கேட்க எதிரே ஆள் இருந்தது இந்தச் சின்னத் திரையில் மட்டும்தான்.

அன்றைக்கும் வழக்கம் போல நாலு தாள் வந்தது. வாகீசன் 'பாட்னர்' அமத்தினார். நெல்லியடி தயங்கவேயில்லை. கொம்பியூட்டர் விடாமல் ஏற்ற, அதுவும் ஏறி, இருநூற்றிருபதில் போய் நின்றது. துரும்பு கவிழ்ந்தது. மிச்சத் தாள் வந்தது. வாகீசனுடைய கையில் சிவப்பு இதயம் போட்ட ஆட்டின் ஜாக்கும் ஒன்பதும் வந்து குந்தியிருந்தன. அதைப் பார்த்து அவர் கதிரையில் நிமிர்ந்து இருந்தார். அப்போது போன் செத்துப்போனது.

விளக்கு அணைவது போல, ஒரு சத்தமும் இல்லாமல். சார்ஜரில் போட்டார். உறக்கம் கலையவில்லை. உள்ளங்கையில் வைத்துத் தேய்த்தார். தட்டினார். கடைசியில், இதை யாரிடமும் சொல்ல மாட்டார், கொஞ்சம் திருநீறும் பூசினார்.

அவருக்குத் தெரியும், இப்போது அவருடைய கதிரையில் ஒரு கொம்பியூட்டர் வந்து இருந்திருக்கும். ஆட்டின் ஜாக்கை அநியாயமாக முதல் பிடியிலேயே எறிந்திருக்கும். அதுகூடப் பரவாயில்லை. 'பாட்னர்' என்று சொல்லி, ஒரு ஆளை இருநூற்றிருபதுக்கு ஏற்றிவிட்டு, இடையில் எழும்பி ஓடியிருக்கிறார். 'வாறன்' கூடச் சொல்லாமல். ஊரில் நேருக்கு நேர் இப்படிச் செய்தால் அடுத்த நாள் கடைக்குப் போக முகம் இராது. இனி நெல்லியடி என்ன நினைக்கும்? அதை எப்படியாவது போய்ச் சொல்லவேண்டும், ஓடவில்லை என்று. சொல்ல அந்த மேசையைத் தவிர வேறு இடம் உலகத்தில் இல்லை.

அடுத்த நாள் காலை, பஸ் நிலையத்துக்குக் கிட்ட போன் திருத்துகிற எமில்ராஜிடம் போனார். குருநகர் ஆள், நாற்பது வயதிருக்கும். திருத்த வந்த போனைவிட அதன் சொந்தக்காரரைத்தான் அதிகம் கழற்றுவார்.

எமில்ராஜ் போனைச் சுற்றியிருந்த ரப்பர் வளையத்தைக் கழற்றினார். மூடி தானாக விழுந்தது. உள்ளே பற்றரி அப்பம் போலப் பொங்கியிருந்தது.

"அண்ணை, உதை எங்கை எடுத்தனீங்கள்? கந்தரோடையிலை பழங்காலச் சாமான் கிண்டேக்கை வந்ததோ?"

"காசு குடுத்து வாங்கினது, ஐசே."

"ஆர், சங்கிலியன் ராசாவோ?"

தங்கச்சி ரொறொன்ரோவிலிருந்து அனுப்பிய புதுப் போன் இருக்கிறதுதானே, அதிலே போட்டு விளையாடுங்கோ என்றார் எமில்ராஜ். வாகீசன் விளங்கப்படுத்தினார். புதுப் போனில் 'நாலுகை' ஏறாது. இந்தச் சாதனத்துக்குப் பொருந்தாது என்று ஒரு வரி வரும், அவ்வளவுதான். எமில்ராஜ் தன்னுடைய போனிலும் தேடிப் பார்த்தார். அப்படி ஒரு செயலி இருந்த தடயமே இல்லை. பிறகு லாச்சிக்குள் கையைவிட்டு, செத்த போன்களின் வயிற்றிலிருந்து எடுத்த பற்றரிகளைக் கிளறி, ஒன்றைப் பொருத்தினார். போன் கண்ணை விழித்தது.

வாகீசன் நன்றி சொல்லக்கூட நிற்கவில்லை. புக்கிங் மேசைக்கு வந்ததும் 'நாலுகை'யைத் தொட்டார். போனில் இடம் போதாது, எதையாவது அழிக்கவும் என்றது. நியாயம்தான். அழிக்க வேண்டிய சாமான் எது என்பதில் அவருக்கு ஒரு குழப்பமும் இல்லை. தங்கச்சி முன்பொருமுறை ஊருக்கு வந்தபோது, அண்ணனுக்கு இன்னும் காலம் போகவில்லை என்று சொல்லி, சாதகப் பொருத்தம் பார்க்கிற செயலி ஒன்றை ஏற்றிவிட்டிருந்தாள். அது 'நாலுகை'க்குப் பக்கத்திலேயே இருந்தது. விரலால் அமத்திப் பிடித்தார். அந்த நேரம் பார்த்து, யன்னல் சீற் கிடக்கோ என்று ஒரு அம்மா வந்து நின்றார். "முடிஞ்சுது" என்று சொல்லிக்கொண்டே, போன் கேட்ட கேள்விக்கு ஓம் அமத்தினார்.

பார்த்தால் பொருத்தம் அப்படியே இருந்தது. கடதாசி போய்விட்டது.

வாகீசன் கொஞ்ச நேரம் காற்றாடியைப் பார்த்துக்கொண்டிருந்தார். தன்னுடைய சாதகத்தில் கலியாணம் இவ்வளவு உறுதியாக இருந்ததை அவர் முன்பு கண்டதில்லை.

சரி, திரும்ப இறக்குவோம் என்று போனிலிருந்த செயலிக் கடையைத் திறந்தார். கடை திறக்கவில்லை. இணைப்பைச் சரிபார்க்கவும் என்றது. இணைப்பு நன்றாக இருந்தது. மீண்டும் முயலவும் என்றது. முயன்றார். பழச்சாற்றுக் கடைக்காரரின் இணைப்பைக் கடன் வாங்கி முயன்றார். நிறுத்தி, எழுப்பி முயன்றார். திரையின் நடுவில் ஒரு சின்ன வட்டம் சுழன்றுகொண்டே இருந்தது, கோயிலில் பிரதட்டை பண்ணுகிற ஆள் போல, ஆனால் ஒரு வரமும் கிடைக்காமல். மத்தியானம் மேசையைப் பக்கத்துக் கடைக்காரரிடம் பொறுப்புக் கொடுத்துவிட்டு எமில்ராஜிடம் ஓடினார்.

எமில்ராஜ் நடந்ததைக் கேட்டு முதலில் சிரித்தார். அப்புறம் வாகீசனுடைய முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டார். போனை வாங்கி ஏதோ பார்த்தார். புருவம் உயர்ந்தது.

"அண்ணை, உங்கடை போன் பாக்கிறது வாக்கியமோ, திருக்கணிதமோ?"

"ஏன்?"

"ரண்டு பஞ்சாங்கத்திலையும் இல்லாத திகதி நிக்குது."

பற்றரியைக் கழற்றியதில் போன் தன் திகதியை மறந்துவிட்டிருந்தது. அது செய்யப்பட்ட காலத்துக்குப் போய், இரண்டாயிரத்துப் பன்னிரண்டு தை முதலாம் திகதியில் இருந்து காலத்தைத் திரும்ப எண்ணத் தொடங்கியிருந்தது. வாகீசன் எட்டிப் பார்த்தார். அந்த வருடம் வீட்டில் குசினிப் புகைக்கு இருமுகிற ஆட்கள் இருந்தார்கள். அம்மா இருந்தா. தங்கச்சி விசாவுக்குக் கடதாசி நிரப்பிக்கொண்டிருந்தாள். விளக்குப் போட்டுவிட்டு அணைக்காமல் போனதற்குச் சண்டை நடக்கும். போன் பிழையாகத்தான் போய் நின்றது, ஆனால் இடம் பார்த்துத்தான் நின்றிருக்கிறது என்று அவருக்குத் தோன்றியது.

"கடை ஏன் திறக்கேல்லை எண்டா," என்று எமில்ராஜ் விளங்கப்படுத்தினார், "கடைக்காரன் காட்டிற லைசென்ஸ் இந்த வருசத்தது. உங்கடை போனுக்கு இப்ப பன்னிரண்டாம் ஆண்டு. பிறக்காத வருசத்திலை லைசென்ஸோ, இவன் கள்ளன் எண்டு அது கதவைச் சாத்திப்போட்டு நிக்குது. பிழை சொல்லேலாது, நல்ல போன்."

திகதியை இன்றைக்குக் கொண்டுவந்தார். பதினைந்து வருடத்துக்குக் கிட்ட ஒரு விரலால் தள்ளிக்கொண்டு வருவதை வாகீசன் பார்த்துக்கொண்டு நின்றார். கடை இப்போது கதவைத் திறந்தது; ஆனால் உங்களைத் தெரியாது, கணக்கைத் திரும்பப் போடவும் என்றது. அதை வீட்டிலேதான் செய்யலாம், பழைய போனைப் புதுப் போன் வந்து அறிமுகப்படுத்த வேண்டும் என்றார் எமில்ராஜ். கடைத் தட்டிலிருந்து 'நாலுகை'யை எடுத்துவிட்டார்கள், புதிதாக வருகிற ஆளுக்குக் கிடையாது. ஆனால் ஒருமுறை எடுத்தவருடைய பழைய கணக்கில், பழைய போனில், அது இன்னும் இருக்கலாம்.

"பூட்டின கடையிலை பழைய ஆளுக்குப் பின்கதவாலை சாமான் குடுக்கிறேல்லையோ, அப்பிடி. இருந்தா எடுங்கோ. இல்லாட்டி..." என்றபடி ரப்பர் வளையத்தைத் திரும்ப மாட்டினார். "அவ்வளவு முக்கியமான ஆளோ, அண்ணை?"

"ஆளைத் தெரியாது" என்றார் வாகீசன்.

எமில்ராஜ் அதற்கு ஒரு பகிடியும் விடவில்லை. அது வாகீசனுக்குக் கொஞ்சம் சங்கடமாக இருந்தது.

அன்று பின்னேரம் கடைசி பஸ் போனதும் வீட்டுக்கு வந்தார். பாண் வாங்க மறந்துவிட்டார். அலுமாரியிலிருந்து புதுப் போனை எடுத்தார். ஞாயிற்றுக்கிழமைகளில் தங்கச்சி எடுக்கிறபோது கதைப்பதைத் தவிர அதற்கு வேறு உத்தியோகம் இல்லை. இரண்டு போனையும் மேசையில் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார். பெண் பார்க்க வந்த இரண்டு வீட்டார் போல அவை ஒன்றையொன்று பார்த்துக்கொண்டிருந்தன.

பழையதில் கடவுச்சொல்லைப் போட்டார். உடனே புதியது வெளிச்சம் போட்டுக் கேட்டது: யாரோ உங்கள் கணக்குக்குள் வரப் பார்க்கிறார்கள், அது நீங்களா?

கீழே இரண்டு பதில்கள். 'இல்லை' ஒன்று. 'ஆம், நான்தான்' மற்றது.

வாகீசன் சிரித்துவிட்டார். இந்த வீட்டில் இந்தக் கேள்வியை அவரிடம் யாரும் கேட்டுக் கனகாலம். முன்பெல்லாம் படலைச் சத்தம் கேட்டால் குசினிக்குள் இருந்து "ஆரது?" என்று குரல் வரும். "நான்தான்" என்பார். யாழ்ப்பாணத்தில் படலையைத் தட்டுகிற எல்லாரும் சொல்கிற பதில் அது. ஒருவருக்கும் ஒன்றும் விளங்கப்படுத்தாத பதில். ஆனாலும் அதைக் கேட்டுத்தான் கதவு திறக்கும்.

'நான்தான்' அமத்தினார். கடை திறந்தது. படங்கள் பாதி வரவில்லை, எழுத்துகள் ஒன்றின்மேல் ஒன்று ஏறி நின்றன, ஆனால் திறந்துவிட்டது. அவருடைய பழைய சாமான்கள் இருக்கிற பக்கத்துக்குப் போனார். கீழே, கீழே, இன்னும் கீழே, ஒரு காலத்தில் ஆசைப்பட்டு எடுத்து மறந்துபோன டோர்ச் லைட்டுக்கும் திருமுறைக்கும் நடுவில், நாலு கை பொறித்த அந்தச் சின்னப் படம். தொட்டார். வட்டம் சுழன்றது. அவர் எழும்பிப்போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்தார். பார்த்துக்கொண்டிருந்தால் வெட்கப்பட்டு நின்றுவிடும் என்று ஒரு பயம்.

இறங்கியது. திறந்தது. வாசலில் பெயர் கேட்டது. 'இணுவில்' என்று அடித்தார். இந்தப் பெயரில் ஏற்கனவே ஒருவர் இருக்கிறார் என்றது.

இருக்கிறார்தான். அந்த ஆள்தான் இவ்வளவு பாடுபட்டு வாசலில் வந்து நிற்கிறார். ஆனால் அதைச் சொல்ல அங்கே புதுப் போன் எதுவும் துணைக்கு இல்லை. பழைய இணுவில் அழித்த செயலியோடு செத்துப்போய், பெயரை மட்டும் கையில் இறுக்கிப் பிடித்துக்கொண்டு கிடந்தது. வேறு பெயர், பத்து எழுத்துக்குள், என்றது செயலி. யோசிக்கிற நிதானம் அவருக்கு இல்லை. மேசையில் கிடந்த புதுப் போனின் திரை இன்னும் அணையவில்லை. அதைப் பார்த்து 'நான்தான்' என்று அடித்துவிட்டு உள்ளே போனார். போன பிறகுதான் தலையில் அடித்துக்கொண்டார். எதிரே இருப்பவருக்கு அது எந்தச் சனியன் என்று எப்படித் தெரியும்?

மேசையில் நெல்லியடி இருந்தது. மூன்று கொம்பியூட்டர்களோடு தனியாக.

வாகீசன் எதிர்க் கதிரையிலிருந்த கொம்பியூட்டரை எழுப்பிவிட்டு இருந்தார். 'வாறன்' அமத்தினார். நெல்லியடி ஒன்றும் அமத்தவில்லை. ஊர் பெயர் தெரியாத ஆளோடு இருக்கிற மரியாதையான மௌனம். தாள் வந்தது. வாகீசனுடைய நாலு தாளில் இரண்டு ஜாக், ஒரு ஒன்பது. கண்ணை மூடிக்கொண்டு இருநூறு கேட்கலாம். புத்தியுள்ள எவரும் கேட்பார்.

அவர் 'பாட்னர்' அமத்தினார்.

நெல்லியடி கேட்டது, வென்றது, வாகீசனுடைய தாள்கள் ஒவ்வொன்றாக விழ விழ, இவ்வளவையும் வைத்துக்கொண்டா இந்த மனிசன் கேட்கவில்லை என்பது மேசையில் எல்லாருக்கும் தெரிந்தது. ஆட்டம் முடிந்தது. நெல்லியடி 'வாறன்' அமத்திவிட்டு எழும்பிப் போனது.

அவ்வளவுதான் என்று நினைத்தார். பிறகு எதிர்க் கதிரையில் திரும்ப ஒரு 'வாறன்'. ஆனால் பெயர் நெல்லியடி இல்லை. பெயர் இருக்க வேண்டிய இடத்தில் 'எந்த நான்' என்று இருந்தது.

வாகீசனுக்கு விளங்கச் சற்று நேரம் எடுத்தது. அந்தச் செயலியில் கதைக்க இடமில்லை என்றுதான் இவ்வளவு காலமும் இருந்தார். பெயர்ப் பெட்டியில் கதைக்கலாம். எழும்பிப் போய், வாசலில் பெயரை மாற்றி, திரும்ப வந்து இருந்தால் ஒரு வசனம். எழும்பினார். வாறன். வந்தார். வாறன். பெயர்: 'போன்செத்தது'.

எதிர்க் கதிரை காலியானது. திரும்ப நிறைந்தது.

'போன்தானே'

அதை இரண்டாம் முறை வாசித்தபோதுதான் அதற்குள் இருந்த மற்றக் கேள்வி தெரிந்தது. இருநூற்றிருபதைப் பற்றி நெல்லியடி நினைக்கவேயில்லை. கோபிக்கவும் இல்லை. விறாந்தைக் கதிரையில் ஒருவர் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சரிந்திருப்பதாக ஒரு இரவு முழுவதும் யாரோ நினைத்துக்கொண்டிருந்திருக்கிறார்கள். அப்படி நினைக்க உலகத்தில் ஒரு ஆள் இருக்கிறது என்பதை வாகீசன் அன்றைக்குத்தான் அறிந்தார். மூக்கை உறிஞ்சிக்கொண்டு எழும்பிப் போய், 'போன்தான்' என்று வந்து இருந்தார்.

நெல்லியடி 'நல்ல கை' அமத்தியது. தாள் இன்னும் போடவேயில்லை.

அந்தச் சந்தோசத்தில் நிறுத்தியிருக்கலாம். ஆனால் வாய் திறக்காத மனிசனுக்கு வாய் திறந்தால் அளவு தெரியாது. அவர் திரும்ப எழும்பிப் போய், எவரிடமும் கேட்டிராத துணிவோடு, 'எங்கை' என்ற பெயரில் வந்து இருந்தார்.

எதிரே வெகுநேரம் ஒன்றும் அசையவில்லை. பிறகு, 'வாறன்'. கதிரை காலியானது. ஒரு கொம்பியூட்டர் வந்து அதில் இருந்தது.

வாகீசன் காத்திருந்தார். வரும், பெயர் மாற்றிக்கொண்டு வரும். வரவில்லை. கேட்டது பிழையோ? பிழைதான். இவ்வளவு காலம் இருமக்கூடச் செய்யாமல் இருந்துவிட்டு, எடுத்த எடுப்பிலேயே விலாசம் கேட்டால் யாருக்குத்தான் பயம் வராது. பிறகு வேறு ஒரு நினைவு வந்தது. 'எங்கை' என்று கேட்டதற்கு 'வாறன்' என்று பதில். நெல்லியடி என்ன, கடல் கடந்தா இருக்கிறது? பஸ் ஓடுகிற இடம்தானே. விசர் நினைவு என்று அவருக்குத் தெரியும். தெரிந்துகொண்டே எழும்பிப் போய் முற்றத்தைக் கூட்டினார். மற்றக் கோப்பையையும் கழுவினார். படலையைச் சாத்தினார், ஆனால் கொக்கி போடவில்லை.

அடுத்த நாள் புக்கிங் மேசையில் இருந்தபோது, நெல்லியடிப் பக்கத்திலிருந்து வந்து கொழும்புக்குச் சீற் கேட்டவர்களை எல்லாம் கொஞ்சம் கூடுதலாகப் பார்த்தார். ஒரு வயது போன வாத்தியார். குழந்தையோடு ஒரு பெண். கையைப் பார்த்தார், தாள் பிடிக்கிற கையா என்று. அவர்கள் எல்லாரும் யன்னல் சீற் கேட்டார்கள், "வாறன் அண்ணை" சொல்லிக்கொண்டு ஏறிப் போனார்கள். ஒருவரும் அவரைப் பார்த்து எந்த நான் என்று கேட்கவில்லை.

வீட்டுக்கு வந்தபோது படலை நேற்று விட்டபடியே நின்றது. பாண், சம்பல், தேத்தண்ணி. கோப்பையைக் கவிழ்த்துவிட்டு போனை எடுத்தார். திகதி சரியாக இருக்கிறதா என்று முதலில் பார்த்துக்கொண்டார். ஒரு நாள் பின்னால் நின்றால்கூடக் கடை பூட்டிவிடும் என்ற பயம் இனி அவரோடு இருக்கும். உள்ளே போகுமுன் பெயரை 'நான்தான்' என்று திரும்ப மாற்றிக்கொண்டார். 'எங்கை' என்று போய் இன்னொருமுறை முன்னால் நிற்க முகமில்லை.

எதிர்க் கதிரையில் ஆள் இருந்தது. பெயர், 'தூரத்திலை'.

வாகீசன் அதை வாசித்துவிட்டு, கூட்டித் துப்புரவாகக் கிடந்த முற்றத்தைப் பார்த்தார். முற்றத்தில் விளக்கு வெளிச்சம் கொஞ்சம் விழுந்திருந்தது. அங்கே என்ன நேரமோ. அவர் தேத்தண்ணி குடித்து முடிக்கிற நேரத்தில் அந்த ஆள் ஒருவேளை வேலைக்குப் போகச் சப்பாத்து மாட்டிக்கொண்டிருக்கலாம், யன்னலுக்கு வெளியே பனி கொட்டிக்கொண்டிருக்கலாம். இவ்வளவு காலமும் அந்த ஆள் தன்னைப் போலக் கடை பூட்டிவிட்டு வந்து இருப்பதாக நினைத்திருந்தார். பெயர் மட்டும் நெல்லியடியில் இருந்திருக்கிறது. யாருக்கோ "வாறன்" சொல்லிப்போட்டுப் போன ஆள்தான் போலும்.

முற்றத்தைக் கூட்டியதற்காகத் தன்னைப் பார்த்துச் சிரித்தார். சிரிப்பு பாதியில் வேறொன்றாக மாறப் பார்த்தது, விடவில்லை.

தாள் வந்தது. முதலில் கேட்க வேண்டியது எதிரே. வாகீசன் வழக்கம் போலக் காத்திருந்தார், நெல்லியடி ஏறிக்கொண்டு போகட்டும் என்று. திரையில் ஒரு சொல் வந்து நின்றது. இவ்வளவு காலத்தில் அந்தப் பக்கமிருந்து ஒருநாளும் வராத சொல்.

'பாட்னர்'.

வாகீசன் கையைப் பார்த்தார். கலாவரை ஏழு, எட்டு, ஒரு ராணி, எதற்கும் உதவாத ஒரு ஆட்டின் ராசா. இதை வைத்துக்கொண்டு புத்தியுள்ள எவரும் வாய் திறக்க மாட்டார்கள். அவருடைய விரல் பழக்கத்தில் 'பாட்னர்' பொத்தானுக்குப் போனது. அது வெளிறிப்போய்க் கிடந்தது. எதிரே இருப்பவர் சொல்லிவிட்டால் திரும்பச் சொல்ல முடியாது. அது முந்நூற்றி நாலின் சட்டம்.

இரண்டு கொம்பியூட்டர்களும் பொறுமையாகக் காத்திருந்தன. தூரத்தில் ஒரு ஆளும்.

வாகீசன் கதிரையில் நிமிர்ந்து இருந்து, தொண்டையைச் செருமிக்கொண்டார். யாரும் கேட்காத வீட்டில் வாய்விட்டே சொன்னார்: "கேக்கிறன்."

பிறகு பொத்தானை அமத்தினார்.